மூணு கண்ணி

அண்ணன் தன் கையை அளவாக வைத்து வாங்கிவிட்டான்.
தேங்காய்ப்பட்டணம் துறைமுகத்தில்
ஐஸ்கட்டி தூக்கித் தூக்கி
மணிக்கட்டே முழங்கால்போல் ஆன கை அது.
நிச்சயத்தன்றே மாப்பிள்ளையின் கையைப் பார்த்திருக்கலாம்.
எல்லாரும் முகத்தைத்தான் பார்த்தோம்.

கல்யாணம் முடிந்து ஐந்தாம் நாள்.
குலசேகரத்தில் மழை.
கையைத் தூக்கினால் வாட்ச் முழங்கை வரை போகிறது,
தொங்கவிட்டால் விரல்முட்டில் வந்து நிற்கிறது.
யார் மணி கேட்டாலும்
மறுகையால் பிடித்து நிறுத்தித்தான் சொல்கிறார்.
என்னிடம் அதைப்பற்றி ஒரு வார்த்தை இல்லை.
ஐந்து நாளில் நாங்கள் பேசிக்கொண்டது
சோறு, சாவி, குளிக்க வெந்நீர்,
அப்புறம் போட்டோக்காரன் இன்னும் ஆல்பம் தரவில்லை என்பது.

"மார்த்தாண்டத்துல குடுத்தா அஞ்சு நிமிஷம்" என்றேன்.
"கடைக்காரன் ஒங்க அண்ணனுக்குத் தெரிஞ்ச ஆளா இருந்தா?"

அதனால் சாப்பாட்டு மேசை.
காய்ந்த ரப்பர் ஷீட் ஒன்றை
நாலாக மடித்து அடியில் வைத்தார்.
மேசையெங்கும் புகைப்புரை வாசம்.
ஆயுதம் என்னிடம் இருந்தது:
கல்யாணத்தன்று பார்லர்க்காரி
தலையிலும் சேலையிலும் குத்திய ஊசிகள்.
கழற்றும்போது எண்ணினேன், அறுபத்திரண்டு.
முதல் ஊசி வளைந்தது.
இரண்டாவதும் வளைந்தது.
மூன்றாவதைத் தன் விரலில் ஏற்றிக்கொண்டார்.

நர்சரியில் நாளொன்றுக்கு முந்நூறு ரப்பர் கன்றுக்கு
மொட்டு ஒட்டுகிற விரல்கள்.
உரித்த பட்டைக்குள் ஒரு கண்ணைச் செருகி
நாடா சுற்றி
பச்சை பிடிக்கும்வரை காத்திருக்கத் தெரிந்தவை.
இரும்பிடம் அந்தப் பொறுமை செல்லவில்லை.

வாட்சைத் திருப்பி வெளிச்சத்தில் பிடித்தேன்.
கண்ணிகளின் உட்புறம்
எறும்பின் கால்போல் சின்னச் சின்ன அம்புக்குறி.
"இந்தப் பக்கமாத்தான் தள்ளணும் போல."
இத்தனை நேரமும் எதிர்ப்பக்கமிருந்து குத்தியிருக்கிறோம்.
அவர் என்னைப் பார்த்தார்,
கேமராக்காரன் சொல்லாமல்
முதல் தடவையாக.

காலண்டர் ஆணியைப் பிடுங்கி
நுனியை ஆட்டுக்கல்லில் உரசி மெலிதாக்கி
இஞ்சி இடிக்கிற குழவியால் தட்டினார்.
பைய, என்றேன். பைய.
டக்.
உள்ளிருந்த கம்பி எங்கோ தெறித்தது.

கட்டிலுக்கடியில் இரண்டு பேரும்.
அந்நேரம் பார்த்துக் கரண்டும் போனது.
ஒரு போன் வெளிச்சம்,
பிரிக்காத குக்கர் பெட்டி,
ஒற்றைச் செருப்பு,
எந்தக் குழந்தையோ விட்டுப்போன பாதி பலூன்.
தலையோடு தலை முட்டியது.
"நொந்துதா?"
"இல்ல. ஒங்களுக்கு?"
"எனக்கு நொந்துது."
சிரித்துவிட்டேன். அங்கேயே, தூசிக்குள்,
தும்மலும் சிரிப்பும் ஒன்றையொன்று முந்த.

கம்பி என் தலைமுடியில் இருந்தது.
அறுபத்துமூன்றாவது.

ஆறு மணிப் பக்கம் இரண்டு, பன்னிரண்டு மணிப் பக்கம் ஒன்று.
மூணு கண்ணி போனபிறகு
பூட்டு கையின் நடுவில் வந்து உட்கார்ந்தது.
சுண்டுவிரல் நுழைகிற இடம் இருக்கவேண்டுமாம்.
என் விரலை நுழைத்துப் பார்த்தேன்.
இருந்தது.
உடனே எடுக்கவில்லை.

இரவு அண்ணன் கூப்பிட்டான். ஸ்பீக்கரில் போட்டார்.
"அளியா, வாட்ச் எப்படி, கொள்ளாமா?"
"கொள்ளாம்."
"அளவு?"
வளைந்த ஊசிகளும் மூணு கண்ணியும்
மேசையில் அப்படியே கிடந்தன.
"எனக்க கையப் பாத்துச் செஞ்ச மாதிரி இருக்கு"
என்றார், கண் இமைக்காமல்.
அந்தப் பக்கம் அண்ணன்
பெருமையில் மூக்கை உறிஞ்சுவது கேட்டது.
இந்தப் பொய்யை
இவ்வளவு அழகாகச் சொல்கிற ஆளோடு
இருந்துவிடலாம் என்று தோன்றியது.

கண்ணிகளைக் கடுகு டப்பாவுக்குள் போட்டேன்.
கை தடித்தால் தேவைப்படும்.
என் சமையலில் தடிக்கும்.
காலண்டரை எடுத்தால்
கல்யாண நாளே இன்னும் மேலே இருந்தது,
யாரும் தேதி கிழிக்கவில்லை.
மாட்டலாம் என்று பார்த்தால்
ஆணியும் வளைந்திருந்தது.